வெட்டாத பதின்மூன்று நிமிடங்கள்

1

நான் படம் எடுக்கிறேன். கொல்கத்தாவில், டாக்குரியா ரயில் நிலையத்திலிருந்து நாலு நிமிட நடையில், ஒரு மூன்றாம் மாடிச் சமையலறையில். சிரிக்கிறவர்கள் சிரித்து முடித்துவிட்டு வாருங்கள், காத்திருக்கிறேன். எங்கள் வீட்டிலேயே சிரித்து முடிக்க ஒரு மாதம் ஆயிற்று.

திருநெல்வேலியிலிருந்து கல்யாணமாகி இங்கே வந்து இருபத்து மூன்று வருடம். என் கணவர் மாமன் மகன்தான், அதனால் எனக்கு இன்றைக்கும் அத்தான். அவருக்குக் கார்டன் ரீச்சில் அலுவலகம், இந்தக் கட்டிடத்தில் எல்லாருக்கும் அவர் பிள்ளை பாபு. மகள் உமா சால்ட் லேக்கில் கம்ப்யூட்டர் கம்பெனியில் இருக்கிறாள். நான் வீட்டில் இருக்கிறேன். இந்தக் கடைசிப் பதிலைத்தான் பாளையங்கோட்டையில் இருக்கும் என் அக்காவால் தாங்க முடியவில்லை. போன வருடம் ஒருநாள் போனில் கேட்டாள்: "வீட்ல இருக்கேன், வீட்ல இருக்கேன்னு சொல்லுதியே, நாள் பூரா அங்கன என்னத்தட்டி பண்ணுத?"

அப்போது மாவு ஆட்டப் போய்க்கொண்டிருந்தேன். வாயால் சொல்வானேன் என்று போனை நல்லெண்ணெய் டின்னில் சாய்த்து வைத்தேன். வீடியோவை அமுக்கினேன். உளுந்தை அள்ளிப் போட்டேன். அப்புறம் இரண்டு கையும் மாவு. நிறுத்த ஆளில்லை. நாற்பது நிமிடம் ஓடிவிட்டது. உமாதான் அதை எப்படியோ அமுக்கிச் சுருக்கி அக்காவுக்கு அனுப்பினாள்.

மறுநாள் அக்கா கூப்பிட்டாள். "முழுசாப் பாத்தேன். இதுல என்ன இருக்கு?"

"நான்தான் இருக்கேன்" என்றேன்.

அவளுக்கு அது ஒரு பதிலாகப் படவில்லை. எனக்குப் பட்டது. அன்றைக்கும் டின்னில் போனைச் சாய்த்தேன்.

எனக்குச் சொல்லிக்கொடுத்தவர் யாருமில்லை. போன் நகரக் கூடாது, ஏனென்றால் நகர்த்தக் கை காலியில்லை. வேலை முடியும்வரை நிறுத்தக் கூடாது, காரணம் அதேதான். பாட்டு கிடையாது, கிரைண்டர் சத்தமே போதும். எடுத்ததை நடுவில் வெட்டக் கூடாது, முதலில் வெட்டத் தெரியாததால். பிறகு உமா வெட்டக் கற்றுக்கொடுத்தாள். கற்றுக்கொண்டேன், வெட்டவில்லை. வெட்டாமல் பார்க்கும்போதுதான் சில விஷயங்கள் தெரிகின்றன. போன் இருப்பது தெரிந்தால் மனிதர்கள் இரண்டு நிமிடம் நிமிர்ந்து உட்காருகிறார்கள், மூன்றாவது நிமிடம் மறந்து முதுகைச் சொறிகிறார்கள். அந்த மூன்றாவது நிமிடத்துக்காகத்தான் காத்திருக்க வேண்டும். லென்ஸில் எண்ணெய்ப் பிசுக்கு படிந்தால் எல்லாரும் மழைக்குள் நிற்பதுபோலத் தெரிவார்கள், முந்தானையால் ஒரு துடை துடைத்தால் சரியாகிவிடும். இவ்வளவுதான் என் படிப்பு.

இன்னொரு பழக்கமும் உண்டு. மனிதர்கள் சொல்வதைச் சேர்த்து வைப்பேன். சிலிண்டர் கொண்டுவருகிறவர் மூன்று மாடி ஏறிவந்து மூச்சு வாங்கிக்கொண்டே ஒவ்வொரு தடவையும் சொல்வார், "பௌதி, உங்க வீடு வரைக்கும் நான் வந்துட்டேன், இன்னும் ஒரு மாடி ஏறினா பகவானே கதவைத் திறப்பார்." பௌதி என்றால் அண்ணி. இந்த வார்த்தைக்காகவே அவருக்காக ஒரு நாள் போனை வாசலில் வைத்தேன். அன்றைக்குப் பார்த்து மனிதர் லிஃப்ட் சரியாகிவிட்டதென்று அதிலேயே வந்து இறங்கி, ஒரு வார்த்தை பேசாமல் போய்விட்டார். அதையும் வெட்டவில்லை.

2

இங்கே நம் தமிழர்களுக்கு ஒரு சங்கம் இருக்கிறது. ஆண்டுவிழாவில் குறும்படம் போடுகிறோம், எடுத்தவர்கள் கொடுக்கலாம் என்று படிவம் அனுப்பினார்கள். நானும் நிரப்பினேன். 'படத்தின் வகை: பக்தி, பண்பாடு, நகைச்சுவை' என்று மூன்று கட்டம். ஒன்றிலும் குறி போட முடியவில்லை. 'நிரந்தர முகவரி' என்ற இடத்தில் டாக்குரியா முகவரியை எழுதினேன். அந்த வரி எனக்கு எப்போதுமே தகராறுதான். போன தடவை இங்கே ஒரு அலுவலகத்தில் இதையே எழுதிக் கொடுத்தபோது அந்த எழுத்தர் படிவத்தைத் திருப்பித் தள்ளினார். "இது இருக்கிற இடம். உங்க தேசம் எது?" வங்காளிகளுக்குத் தேசம் என்றால் பூர்வீக ஊர். திருநெல்வேலியில் எங்கள் வீடு பாகம் பிரித்து, இடித்து, இப்போது அங்கே கண்ணாடிக் கடை இருக்கிறது. "தேசத்துல கண்ணாடி விக்கிறாங்க தாதா, இதையே எழுதிக்கோங்க" என்றேன். தாதா என்றால் இங்கே அண்ணன். மூன்று பேர் கையெழுத்துக்கு அப்புறம் எழுதிக்கொண்டார்.

நான் சங்கத்துக்குக் கொடுத்த படத்தின் பெயர் 'செவ்வாய்க்கிழமை'. பதின்மூன்று நிமிடம். கிரைண்டரிலிருந்து மாவை வழிக்கிறேன், உப்புப் போட்டுக் கையால் கரைக்கிறேன், கல்லைக் கழுவுகிறேன். எதிர்வீட்டு ஷிகாதி மோடாவில் உட்கார்ந்து காப்பி குடித்தபடி பேசிக்கொண்டிருக்கிறார். தீதி, சுருங்கினால் 'தி', என்றால் அக்கா. மோடா என்றால் பிரம்பில் பின்னிய, முதுகில்லாத இருக்கை, இங்கே வீட்டுக்கு வீடு உண்டு. நடுவில் அத்தான் டிபன் பெட்டியை எடுத்துக்கொண்டு ஆபீசுக்குப் போகிறார். முடிந்தது.

சங்கத்துச் செயலாளர் நல்ல மனிதர். பேங்கில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர், மூன்று தலைமுறையாக இந்த ஊர். கூப்பிட்டார்.

"அம்மா, படம் பாத்தேன். நல்லா இருக்கு. ஆனா இன்னும் ஆரம்பிக்கலயேம்மா?"

"முடிஞ்சிருச்சு சார்."

"ஒரு பாட்டு, பின்னணியில வீணை மாதிரி ஏதாவது... ஹவுரா பாலம் ஒரு ஷாட் வெச்சா கொல்கத்தான்னு தெரியும்."

"நான் ஹவுரா பாலத்துல சமைக்கலயே சார்."

சிரித்தார். விடவில்லை. "சரி, அந்த வங்காளி அம்மா பேசற இடம் ரொம்ப நீளம். அதை எடுத்துட்டு நாலு நிமிஷமா குடுங்க. ஜனங்க உக்காரணும்ல?"

"உக்காராதவங்க எந்திரிச்சுப் போகட்டும் சார். ஒரு நொடி கூட வெட்ட மாட்டேன்."

போனை வைத்துவிட்டு எனக்கே என்மேல் ஒரு மரியாதை வந்தது. கடைசியில் அவர் இறங்கி வந்தார். வங்காளி அண்டை வீட்டாரும் விழாவுக்கு வருவார்கள், அதனால் படத்தில் பேசும் தமிழுக்கு வங்காளத்தில் கீழே எழுத்து போட்டுக்கொடுங்கள், போட்டுவிடலாம் என்றார்.

அன்று மாலையே ஷிகாதியிடம் சொன்னேன். அவருக்கு அறுபது நெருங்குகிறது. பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராக இருந்தவர், கணவர் காலமாகிப் பல வருடம், மகன் வெளிநாட்டில். சேதி கேட்டதும் அலமாரியிலிருந்து டாக்கா நெசவில் நெய்த டாக்காய்ப் புடவை ஒன்றை எடுத்து வாசல்வரை கொண்டுவந்து விரித்துக் காட்டினார். "இதைத்தான் கட்டுவேன். முதல் வரிசையில எனக்கு இடம் பிடிச்சு வை காந்தி. கதாநாயகி நான்தானே?" காந்திமதி என்ற என் பெயரை இந்தக் கட்டிடத்தில் ஒருவரும் முழுசாகச் சொன்னதில்லை.

3

இங்கே கொஞ்சம் பின்னால் போகவேண்டும். கல்யாணமான புதிதில் திருநெல்வேலியில் ஆறு மாதம் மாமியார் வீட்டில் இருந்தேன். பதினோரு பேர். அத்தானிடம் நான் ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் கிணற்றடி, இல்லாவிட்டால் கண்ஜாடை. கொல்கத்தாவுக்கு வந்த முதல் வாரம், நெரிசலான பஸ்ஸில் நின்றபடி அத்தான் என்னிடம் முழுக் குரலில் கேட்டார், "ஏ புள்ள, எங்கம்மா உன்ட்ட கடுசா நடந்துக்கிட்டாளோ?" நான் பயந்துபோய்ச் சுற்றிப் பார்த்தேன். ஒருத்தரும் திரும்பவில்லை. அந்த பஸ்ஸில் வைத்துத்தான் நானும் அவரும் முதன்முதலாக மனம்விட்டுப் பேசினோம். நாற்பது பேர் நடுவில் நின்றுகொண்டே கதவைச் சாத்திக்கொண்டதுபோல இருந்தது.

அந்த ருசி விடவில்லை. காய்கறிக்காரர் முன்னால் நின்று அவர் தராசைப் பற்றிப் பேசுவோம். டாக்டர் முன்னால் அவர் தொப்பையைப் பற்றி. முகத்தில் சிரிப்பை மட்டும் மாற்றக் கூடாது, அதுதான் வித்தை. வெளிமாநிலத்தில் இருக்கும் தமிழர்கள் எத்தனை பேர் நெஞ்சில் கைவைத்து, நான் இதைச் செய்ததில்லை என்பீர்கள்?

ஒரு தடவை மாட்டிக்கொண்டோம். லீவில் ஊருக்குப் போய் டவுண் பஸ்ஸில் போகும்போது, பழக்க தோஷம், அத்தான் பக்கத்தில் நின்றவரைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "இந்த ஆளுக்கு என்ன இப்படி வேக்குது, குளிச்சிட்டுத் தொடைக்காம வந்துட்டானா?" அவர் நிதானமாகத் திரும்பினார். "ஏன் வேய், ஒமக்கு வேக்கவே செய்யாதோ? ஐஸ் பெட்டியில இருந்து வாரீரோ?" பஸ்ஸே சிரித்தது. இறங்க வேண்டிய இடத்துக்கு இரண்டு நிறுத்தம் முன்னாலேயே இறங்கி நடந்தோம்.

சொந்த ஊரில் நடந்ததால் அது சிரிப்போடு போயிற்று.

4

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் உமா லேப்டாப்பை வைத்துக்கொண்டு எழுத்து போட உட்கார்ந்தாள். ஜன்னல் பக்கம் பார்த்து, "அம்மா, மழை விழுது, துணியை எடு" என்றாள். வங்காளத்தில் மழை விழும், இவள் தமிழிலும் விழும். தலைவலி வந்தால் "தலை பிடிச்சிருக்கு" என்பாள். திருத்தித் திருத்தி நான் ஓய்ந்தாயிற்று. இப்படிப்பட்ட தமிழ்க்காரிக்கு நான் பேசுவது எங்கே முழுதாகப் புரியப் போகிறது என்று ஒரு எண்ணம் எனக்கு உள்ளூர இருந்தது.

துணியை எடுத்துக்கொண்டு உள்ளே வந்தேன். படத்தை நிறுத்தி வைத்திருந்தாள்.

"அம்மா, இதையும் எழுதணுமா?"

"எத?"

ஓட்டிக் காட்டினாள். ஷிகாதி மோடாவில் இருக்கிறார். கதை சொல்லிக்கொண்டிருக்கிறார். அத்தான் ஷூ லேஸைக் கட்டிக்கொண்டே கேட்கிறார்: "என்ன, இன்னும் கெளம்பலியா இவ?" மாவிலிருந்து கையை எடுக்காமல் நான் சொல்கிறேன்: "இவ எங்க போவா? வீட்ல பேச நாதியில்ல. காப்பியும் ஊத்திக் கதையும் கேக்கணும்னு நம்ம தலையெழுத்து." சொல்லும்போது நான் நேராக ஷிகாதியைப் பார்த்துச் சிரிக்கிறேன். என்னமோ வேடிக்கை என்று நினைத்து ஷிகாதியும் என்னோடு சேர்ந்து சிரிக்கிறார்.

படத்தை நான் ஏழெட்டுத் தடவை பார்த்திருந்தேன். மாவின் பதத்தைப் பார்த்தேன், ஜன்னல் வெளிச்சத்தைப் பார்த்தேன். இதைக் கேட்கவே இல்லை. சொன்ன வாய்க்கே காது கேட்காமல் போய்விட்டது.

"சும்மா சொன்னதுட்டி" என்றேன்.

"சும்மான்னு எழுதவா?"

"உங்கப்பா கேட்டாரு, பதில் சொன்னேன்."

"மாஷியைப் பத்தி, மாஷி முன்னாடி, சிரிச்சுட்டே." மாஷி என்றால் சித்தி. உமா பிறந்த அன்று தெருவெல்லாம் முழங்கால் தண்ணீர். அத்தான் ஆபீசிலிருந்து வர வழியில்லை. சைக்கிள் ரிக்‌ஷாவில் என்னை ஏற்றிவிட்டு, தான் தண்ணீரில் நடந்தே ஆஸ்பத்திரிக்கு வந்தவர் ஷிகாதி. உமாவை முதலில் கையில் வாங்கியதும் அவர்தான்.

உமா யோசித்தாள். "ஒண்ணு செய்யலாம். 'இன்னொரு காப்பி தரவா'ன்னு போட்டுடறேன். யாருக்குத் தெரியும்?"

"தமிழ் தெரிஞ்சவங்க இருப்பாங்கல்லா."

"அவங்க சிரிப்பாங்க. மாஷிக்குப் புரியாது. இத்தனை நாளா அப்படித்தானே நடந்தது?"

 செயலாளர் கேட்ட நாலு நிமிடம் ஞாபகம் வந்தது. அவர் வெட்டச் சொன்ன இடம் இதேதான். பெருந்தன்மையாக ஒத்துக்கொண்டதுபோல வெட்டிக் கொடுத்துவிடலாம். ஷிகாதியிடம், "உங்க பேச்சைச் சங்கத்துல எடுக்கச் சொல்லிட்டாங்க தீதி" என்று பழியையும் அவர்கள்மேல் போட்டுவிடலாம். எவ்வளவு சுலபம்! பொய் சொல்வானேன், அன்று மாலை முழுக்க அதைத்தான் யோசித்தேன்.

ஆனால் பாட்டு வேண்டாம், பாலம் வேண்டாம், நடந்தது நடந்தபடி இருக்கட்டும் என்று அவ்வளவு பேசினவள் நான். மற்றவர் வெட்டச் சொன்னால் வீரம், எனக்கு வலிக்கிற இடத்தில் கத்தரியா?

"சொன்னபடியே எழுது" என்றேன் உமாவிடம், ராத்திரி. "ஒரு எழுத்து மாத்தாத. ஆனா சங்கத்துல பாக்கறதுக்கு முந்தி உன் மாஷி பாக்கணும்."

5

மறுநாள் வழக்கம்போல எதிர்வீட்டு வாசலில் நின்று கூப்பிட்டேன். ஏரிப்பக்கம் நடந்துவிட்டு எட்டரைக்கு எப்படியும் வருகிறவர்தான், அன்று எனக்குப் பொறுக்கவில்லை. வந்து மோடாவில் உட்கார்ந்தார். காப்பியைக் கையில் கொடுத்தேன். லேப்டாப்பைத் திறந்துவைத்தேன்.

தன்னைப் பார்த்துத் தானே சந்தோஷப்பட்டார். "ஏ மா, எவ்வளவு குண்டா இருக்கேன்!" அத்தான் ஷூ போட உட்கார்ந்தார் படத்தில்.  கீழே எழுத்து வந்தது. ஷிகாதி சத்தமாகப் படிக்க ஆரம்பித்து, பாதியில் சத்தத்தை விட்டார். முடிந்தது.

"பின்னாடி கொண்டுபோ."

கொண்டுபோனேன். இன்னொரு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டு, படம் முடியும்வரை, நான் கல்லைக் கழுவிக் கவிழ்க்கும்வரை பார்த்தார். காப்பியை மிச்சம் வைக்காமல் குடித்தார். டம்ளரைத் தானே எழுந்துபோய்த் தொட்டியில் வைத்தார்.

"தீதி..." என்றேன். அதற்கு மேல் எனக்கு வங்காளம் வரவில்லை. இருபத்து மூன்று வருடத்து வங்காளம், மீன் கடையில் சண்டை விலக்குகிற அளவு வங்காளம், ஒரு மன்னிப்புக்கு வரவில்லை.

வங்காளிகளும் நம்மைப் போலத்தான், கிளம்பும்போது போகிறேன் என்று சொல்லமாட்டார்கள். 'ஆஷி' என்பார்கள், வாரேன் என்று அர்த்தம். தினமும் ஷிகாதி அதைச் சொல்லித்தான் எழுந்திருப்பார். அன்றைக்கு "ஜாச்சி" என்றார். போகிறேன்.

6

ஒன்பது காலை வரவில்லை. நான் போனைச் சாய்த்து வைப்பதை நிறுத்தவில்லை. ஒன்பது நாளும் ஓட விட்டேன். எட்டரை மணி, மோடா, ஜன்னலுக்கு வெளியே லோக்கல் ரயில் போகும் சத்தம். வேறொன்றுமில்லை. இதில் என்ன இருக்கிறது என்று அக்கா கேட்டிருந்தால் அந்த வாரம் என்னிடம் பதில் இருந்திருக்காது.

"பேசாம வெட்டிருக்கலாம்லா" என்றார் அத்தான், ஐந்தாம் நாள்.

"கேட்டது யாரு? 'கெளம்பலியா இவ'ன்னு?"

"அது... வாய்க்கு வந்தது."

"எனக்கும் வாய்க்குத்தான் வந்தது. அதுதான் இப்ப பிரச்சினை."

மாடிப்படியில் எதிரே வந்தால் ஷிகாதி தலையசைப்பார், பேசமாட்டார். ஒருநாள் காய்கறிப் பையோடு இரண்டாம் மாடியில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். பையை வாங்கக் கையை நீட்டினேன். "இருக்கட்டும். இது கதை இல்ல, கத்தரிக்காய்தான்" என்றார். சேர்த்து வைக்கிற சொல் அது. அன்றைக்குச் சேர்க்க மனம் வரவில்லை. இப்போது சேர்க்கிறேன்.

7

பத்தாம் நாள் எட்டரைக்குக் கதவைத் தட்டும் சத்தம். ஷிகாதி. டாக்காய்ப் புடவை கட்டியிருந்தார்.

"போனை வை" என்றார்.

"தீதி, நான் சொன்னது..."

"நீ சொன்னதைப் படிச்சாச்சு. போனை வை. எண்ணெய் டின் எங்க?"

வைத்தேன். மோடாவில் உட்கார்ந்தார். அவர் இரண்டு நிமிடம் நிமிர்ந்து உட்காரவெல்லாம் இல்லை, நேராக லென்ஸைப் பார்த்து ஆரம்பித்தார். வங்காளத்தில் சொன்னதை முடிந்தவரை அப்படியே தருகிறேன்.

"இவ பேரு காந்தி. எதிர்வீட்டுக்காரி. இருபத்து மூணு வருஷமா நான் இந்த மோடாவுல உக்கார்றேன். இவ என் வீட்டுல ஒரு நாள் உக்காந்ததில்ல. வாசல்லயே நிப்பா. கூப்பிட்டா அடுப்புல பால் இருக்கும்பா. இவ வீட்டு அடுப்புல இருபத்து மூணு வருஷமா பால் பொங்கிட்டே இருக்கு. கடையில வாங்கின சந்தேஷ் இனிப்பு குடுத்தா வாங்கிப்பா. நான் சமைச்சதைக் குடுத்தா விரதம்பா. திங்கள், செவ்வாய், வியாழன், ஏகாதசி. நான் கணக்கு டீச்சர், கூட்டிப் பாத்தேன். இவ கணக்குப்படி இவ சாப்பிட்டே இருக்க முடியாது. மீன் வாசனை பிடிக்கலன்னு ஒரு வார்த்தை சொல்லிருந்தா கோபப்பட்டிருக்க மாட்டேன். சொல்லமாட்டா. சிரிப்பா."

முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு தொடர்ந்தார்.

"வீட்டுல பேச ஆளில்லங்கிறது உண்மைதான். அதுல எனக்கு வெக்கமில்ல. எதிர்க்க ஒருத்தி இருந்தா, அவ வந்திருக்கலாம். வரல. அவ்வளவுதான். இதையும் வெட்டக் கூடாது. கீழே தமிழ்ல எழுத்து போடு, உன் ஊர்க்காரங்களும் படிக்கட்டும்."

எனக்கு ஒவ்வொரு விரதமும் ஞாபகம் வந்தது. அவர் தந்த கிண்ணங்களைத் துலக்கி, உள்ளே நாலு முறுக்கு போட்டுத் திருப்பிக் கொடுத்ததும், உள்ளே இருந்ததை வேலைக்கு வருகிற அம்மாவிடம் தந்ததும். சைவம் என்று நேராகச் சொல்வது அவரை வருத்தும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். சொல்லாததுதான் வருத்தியிருக்கிறது.

"இன்னிக்கு என்ன சமையல் தீதி?" என்றேன்.

என்னை உற்றுப் பார்த்தார். "பருப்பு. கசகசா அரைச்சுப் போட்ட உருளைக்கிழங்கு. எனக்கு மீன். உனக்காகத் தனிப் பாத்திரம் வாங்கமாட்டேன், இப்பவே சொல்லிட்டேன்."

"வாங்க வேண்டாம்" என்றேன்.

8

அன்று மத்தியானம் ஒரு மணிக்கு வாசலைத் தாண்டி உள்ளே போனேன். போனை அவருடைய கடுகெண்ணெய்ப் பாட்டிலில் சாய்த்தேன். இருபது நிமிடம். நான் பருப்பும் உருளைக்கிழங்கும் சோறும் சாப்பிடுகிறேன். எதிரே அவர் முள்ளை விலக்கி விலக்கி மீன் சாப்பிடுகிறார். முதல் கவளத்தோடு நான் அவசரமாகத் தண்ணீர் குடிப்பதும் படத்தில் இருக்கிறது. "வாசனையா?" என்று அவர் கேட்பதும், "ஆமா" என்று நான் சொல்வதும் இருக்கிறது. அவர் எழுந்து போய் ஜன்னலைத் திறந்தார். இரண்டாம் தடவை உருளைக்கிழங்கு கேட்டு வாங்கிக்கொண்டேன். நான் மீன் சாப்பிடவில்லை, சாப்பிடப் போவதும் இல்லை. அதையும் அவரிடம் சொன்னேன். "சாப்பிடாதே, எனக்கு மிச்சம்" என்றார்.

படம் இப்போது நீண்டுவிட்டது. பதின்மூன்று நிமிடம், காலியான மோடாவை மட்டும் தனியாக எடுத்த ஒரு நிமிடம், ஷிகாதி பேசியது, அப்புறம் இந்தச் சாப்பாடு. செயலாளர் முழுதாகப் பார்த்துவிட்டு நேரிலேயே வந்தார். மனிதர் கலங்கிப் போயிருந்தார்.

"இதைப் போட முடியாதும்மா. நாம இவங்களைப் பத்தி முதுகுக்குப் பின்னாடி பேசறோம்னு ஆயிடாதா?"

"முதுகுக்குப் பின்னாடி இல்ல சார், மூஞ்சிக்கு முன்னாடியே பேசுதோம்."

"நம்ம மானம் போயிடும்மா. ஊர்லேருந்து விருந்தாளிங்க வர்றாங்க."

"போற மானம் எங்க வீட்டுதுதானே சார், படத்துல சங்கம் இல்லயே."

காப்பி கொடுத்தேன். குடித்துவிட்டு, மெதுவாக, "எங்க வீட்டுலயும்... பேசுவோம்தான்" என்றார். ஆனால் ஆண்டுவிழாவில் போடவில்லை. அது அவர் முடிவு, அவருக்கு ஆயிரம் பேரைச் சமாளிக்க வேண்டும். நான் வெட்டிக் கொடுக்கவில்லை. அது என் முடிவு.

எங்கள் கட்டிடத்தின் கீழே துர்கா பூஜைச் சாமான் போட்டு வைக்கிற ஒரு அறை உண்டு. கமிட்டிக்கு மூன்று பிரதியில் விண்ணப்பம் எழுதி, அதில் இரண்டு தொலைந்து, மறுபடி எழுதி, அந்த அறையை ஒரு சனிக்கிழமை மாலைக்கு வாங்கினோம். வெள்ளைச் சுவர்தான் திரை. உமா ஆபீஸ் சிநேகிதியிடமிருந்து புரொஜெக்டர் கொண்டுவந்தாள். முதல் வரிசையில் டாக்காய்ப் புடவை. பக்கத்தில் நான். முப்பது பேர் இருப்பார்கள், பாதிப் படத்தில் எட்டு பேர் எழுந்து போனார்கள், போகட்டும். அந்த இடம் வந்தது. சுவரில் வங்காள எழுத்து அவ்வளவு பெரிதாக இருக்கும் என்று நான் நினைக்கவில்லை.  அத்தான் எழுந்து வெளியே போகப் பார்த்தார், போகாமல் உட்கார்ந்தார். கதவோரம் யாரோ நிற்பதுபோல இருக்கத் திரும்பிப் பார்த்தேன், செயலாளர்.

முடிந்ததும் கீழ்வீட்டு பௌதி கையைத் தூக்கினார். "உங்களுக்குத் தெரியாதபடி நாங்களும் வேகமா பேசிப்போம். உங்க வீட்டுக்கு நாங்க வச்ச பேரு கிரைண்டர் வீடு." அறை முழுக்கச் சிரித்தது. அந்தச் சிரிப்பில் எனக்குக் கொஞ்சம் எரிந்தது. எரியட்டும் என்று உட்கார்ந்திருந்தேன்.

9

அக்காவுக்கும் அனுப்பினேன். கூப்பிட்டாள். குரல் இறங்கியிருந்தது.

"அந்தச் சாப்பாட்டு எடத்த மட்டும் எடுத்துட்டு அனுப்பேம்ட்டி. இங்கன சொந்தக்காரங்கள்லாம் பாப்பாக. மீன் வேகுற வீட்ல கை நனைச்சுட்டான்னு பேசுவாக."

"பேசட்டும்க்கா. எனக்குக் கேக்கற மாதிரி பேசச் சொல்லு."

இதைப் படிக்கிற உங்களில் சொந்தக்காரர்கள் இருந்தால் உங்களுக்கும் இதேதான். இருபத்து மூன்று வருடம் எதிர்வீட்டு வாசலில் நின்றவள் ஒருநாள் உள்ளே போய் உட்கார்ந்தாள். அதை வெட்ட மாட்டேன். அவளே அதற்கு முன்னால் சிரித்துக்கொண்டு பேசினாளே, அதையும் வெட்ட மாட்டேன். இரண்டும் நான்தான்.

இன்று காலை நடந்ததோடு முடிக்கிறேன். எட்டரைக்கு ஷிகாதி வந்து மோடாவில் உட்கார்ந்தார். நான் மாவு கரைத்துக்கொண்டிருந்தேன். அத்தான் ஷூ லேஸைக் கட்டிக்கொண்டு நிமிர்ந்தார். பழக்கம், வாயைத் திறந்துவிட்டார். ஷிகாதியைப் பார்த்தார். எண்ணெய் டின்னைப் பார்த்தார். வாயை மூடினார். பிறகு, இத்தனை வருடத்தில் மீன்காரரிடம் கூட ஒழுங்காகப் பேசியிராத தன் வங்காளத்தில், ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்து, அவர் முகத்தைப் பார்த்தே கேட்டார்:

"தீதி, நீங்க இன்னும் கிளம்பலையா?"

ஷிகாதி மோடாவை ஒரு இழுப்பு உள்ளே இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"இல்ல பிள்ளை பாபு. நீங்க கிளம்புங்க. எனக்கு இங்க பேச ஆள் இருக்கு."

அத்தானுக்குக் காது வரைக்கும் சிவந்துவிட்டது. டிபன் பெட்டியை மறந்துவிட்டுப் போனார். என் இரண்டு கையிலும் மாவு. போன் ஓடிக்கொண்டே இருந்தது.